நல்லவராக இருந்து என்ன செய்தார்? எஸ்.வி. சுப்பையாவின் அப்பாக்களும் கவிஞர்களும்

1

தமிழ் சினிமாவில் ஒரே காலத்தில் மூன்று எஸ்.வி.க்கள் இருந்தார்கள். எஸ்.வி. ரங்காராவ், எஸ்.வி. சகஸ்ரநாமம், எஸ்.வி. சுப்பையா. மூன்று பேரும் குணச்சித்திர நடிகர்கள். மூன்று பேரும் படம் படமாக அப்பாவாக நடித்தவர்கள். இன்றைக்கு இருபது வயதில் இருக்கிற ஒருவரிடம் இந்த மூன்று பெயரையும் சொன்னால் ரங்காராவைச் சட்டென்று பிடித்துவிடுவார். 'மாயா பஜார்' கடோத்கஜனின் சிரிப்பு இன்னமும் போனில் சுற்றிக்கொண்டுதான் இருக்கிறது. சகஸ்ரநாமத்துக்குக் கொஞ்சம் யோசிப்பார். சுப்பையாவைச் சொன்னால், "யாரு, அந்த அழுற அப்பாவா?" என்பார்.

அந்த "அழுற அப்பா" என்கிற அடையாளத்தோடுதான் இந்தக் கட்டுரை மல்லுக்கு நிற்கிறது. அது பொய் இல்லை. சுப்பையா நிறைய அழுதிருக்கிறார். ஆனால் எதற்காக அழுதார், அந்த அழுகையால் யாருக்கு என்ன கிடைத்தது என்று கேட்டுப் பார்த்தால், தமிழ் சினிமா சுமார் இருபது வருஷம் 'நல்ல மனிதர்' என்று யாரைச் சொல்லிவந்தது, அந்த நல்ல மனிதரால் என்ன ஆனது என்கிற கேள்விக்குப் போய்ச் சேருவோம். சுப்பையா என்கிற நடிகர் முக்கியமாகிற இடம் அதுதான்.

பெயரில் முன்னால் நிற்கிற 'எஸ்' என்பது செங்கோட்டை. தென்காசியிலிருந்து மேற்கே பஸ் ஏறினால் அரை மணி நேரத்துக்குள் வந்துவிடுகிற ஊர். குற்றாலத்து மலையும் செங்கோட்டை மலையும் ஒரே மலைதான், பெயர் மட்டும் ஊருக்கு ஊர் மாறும். நான் தென்காசிக்காரன். எங்கள் பக்கத்தில் வாஞ்சிநாதனைப் பற்றிப் பேச ஆள் உண்டு, சிலை உண்டு, மணிமண்டபம் உண்டு. பாரதி பெண்ணெடுத்த கடையத்தைப் பற்றிப் பேச ஆள் உண்டு. ரசிகமணி டி.கே.சி.யைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். சுப்பையா தன் ஊரைத் தலைப்பெழுத்தில் தூக்கிக்கொண்டு போனவர். அந்த எழுத்துக்குள்ளேயே ஊரும் மறைந்துவிட்டது, அவரும் மறைந்துவிட்டார்.

2

சுப்பையா பிறந்து வளர்ந்த காலத்தில் செங்கோட்டை மதராஸ் மாகாணத்தில் இல்லை. திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. 1956 நவம்பர் 1ஆம் தேதி மொழிவாரி மாநிலங்கள் பிரிக்கப்பட்டபோதுதான் அது திருநெல்வேலி மாவட்டத்துக்கு வந்தது. தென்காசி மாவட்டம் என்று ஒன்று உண்டானது 2019இல். ஆக, தமிழ் சினிமாவில் பாரதியாக நின்ற மனிதர் மலையாள ராஜாவின் குடிமகனாகப் பிறந்தவர். வீட்டிலும் தெருவிலும் தமிழ், சர்க்கார் மட்டும் திருவனந்தபுரத்தில் என்கிற இடம் அது. நடுவே ரயில் ஓடிக்கொண்டிருந்தது. திருநெல்வேலியையும் கொல்லத்தையும் இணைத்த மலைப்பாதை 1904இலேயே வந்துவிட்டது. நாடகக் கம்பெனிகள் சீன் பெட்டிகளோடு ஊர் ஊராகப் போக அந்த மாதிரியான ரயில்கள்தான் வழி.

சுப்பையா மேடையிலிருந்து வந்தவர். அந்தத் தலைமுறை நடிகர்களைப் புரிந்துகொள்ள பாய்ஸ் கம்பெனியைப் புரிந்துகொள்ள வேண்டும். சின்னப் பையன்களைக் கம்பெனியில் சேர்த்துவிடுவார்கள். விடியற்காலையில் பாட்டுப் பயிற்சி, பகலில் வசனப் பாடம், ராத்திரி நாடகம். ராஜபார்ட், ஸ்திரீபார்ட், கள்ளபார்ட், பபூன் என்று எந்த வேஷம் கொடுத்தாலும் கட்டத் தயாராக இருக்கணும். முழு நாடகமும் மனப்பாடமாக இருக்கணும். தரை டிக்கெட்டில் கடைசியில் உட்கார்ந்திருப்பவருக்கும் வார்த்தை உடையாமல் போய்ச் சேரணும். சங்கரதாஸ் சுவாமிகள் போட்டுவைத்த பாதை அது. சிவாஜியும் பாலையாவும் நம்பியாரும் அந்தப் பாதையில் வந்தவர்கள்தான்.

இந்தப் பயிற்சி ஒன்றைக் கொடுத்து ஒன்றை எடுத்துக்கொள்ளும். கொடுப்பது குரல். எடுத்துக்கொள்வது ஊர்ப் பேச்சு. செங்கோட்டைப் பேச்சுக்கு ஒரு இழுவை உண்டு, மலையாளக் காற்று கொஞ்சம் கலந்தது. சுப்பையாவின் சினிமா வசனத்தில் அதைத் தேடினால் கிடைக்காது. மேடைத் தமிழ் அதை வழித்து எடுத்துவிட்டது. ஆனால் குரலில் ஒரு நடுக்கம் தங்கியிருக்கிறது. கனமாக ஆரம்பித்து, வாக்கியம் முடிவதற்குள் தளர்ந்து, கடைசிச் சொல்லில் கேள்வி மாதிரி நின்றுவிடும் குரல். ஆணையிட ஆரம்பித்து, கெஞ்சலில் முடிகிற குரல். அவருடைய எல்லாக் கதாபாத்திரங்களுக்கும் விதை அதில் இருக்கிறது என்று நினைக்கிறேன்.

மேடையில் அவருக்குப் பேர் வாங்கித் தந்தது சக்தி நாடக சபாவின் 'கவியின் கனவு'. எஸ்.டி. சுந்தரம் எழுதியது. விடுதலை வேட்கை தெறித்துக்கொண்டிருந்த நாற்பதுகளின் நாடகம். அதில் சுப்பையா கவிஞர், எதிரே எம்.என். நம்பியார் ராஜகுரு. ஒரு பக்கம் அதிகாரம், இன்னொரு பக்கம் வெறும் வார்த்தையை மட்டும் கையில் வைத்திருக்கிற ஒருவன். இந்த அமைப்பை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் சினிமாவில் வேறு வேறு உடுப்பில் இதுவே திரும்பி வரும்.

3

குற்றாலத்தில் டி.கே.சி. கம்பனைப் படித்த விதத்தை எங்கள் ஊர்ப் பெரியவர்கள் இன்னமும் சொல்வார்கள். ஒரு பாட்டை எடுத்துக்கொள்வார். திரும்பத் திரும்பச் சொல்வார். எந்தச் சொல்லில் மூச்சு நிற்கிறது, எதில் பாவம் எழுகிறது என்று பார்ப்பார். இது கம்பன் இல்லை என்று பட்டால் அந்தப் பாட்டைத் தள்ளியும் வைப்பார். அப்படிப் பொறுக்கி எடுத்ததுதான் 'கம்பர் தரும் ராமாயணம்'. பண்டிதர்கள் கோபப்பட்டார்கள். அவருடைய தேர்வை ஏற்கணும் என்று இல்லை. ஆனால் ரசனை என்பது எல்லாவற்றையும் பாராட்டுவது இல்லை, பொறுக்குவது, பொறுக்கியதற்குப் பொறுப்பேற்பது என்பதை அவரிடம் கற்றுக்கொள்ளலாம்.

குணச்சித்திர நடிகரை இப்படித்தான் பார்க்கவேண்டி இருக்கிறது. நாயகனுக்குப் படம் முழுக்கச் சொந்தம். குணச்சித்திர நடிகருக்கு ஏழு காட்சி, எட்டுக் காட்சி. அதில் பாதி கதையை நகர்த்துவதற்காக எழுதப்பட்டவை. மிச்சத்தில்தான் அவர் இருக்கிறார். ஹாலிவுட்டில் இதற்கென்று ஒரு மரியாதை உண்டாகியிருந்தது. துணை நடிகருக்கான ஆஸ்கர் 1936ஆம் ஆண்டுப் படங்களிலிருந்தே தொடங்கிவிட்டது. வால்டர் பிரென்னன் அந்த முதல் ஐந்து வருஷத்துக்குள் மூன்று தடவை வாங்கிவிட்டார். தாமஸ் மிட்சல் 1939 என்கிற ஒரே வருஷத்தில் 'ஸ்டேஜ்கோச்', 'கான் வித் த விண்ட்', 'மிஸ்டர் ஸ்மித் கோஸ் டு வாஷிங்டன்' மூன்றிலும் இருக்கிறார். 'ஸ்டேஜ்கோச்'சின் குடிகார டாக்டருக்கு ஆஸ்கரும் கிடைத்தது. நம்முடைய தேசிய விருதில் துணை நடிகர் என்று ஒரு பிரிவு வந்ததே 1984ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான். சுப்பையா 1980இல் காலமாகிவிட்டார். அவர் வேலை பார்த்த அத்தனை வருஷமும் அந்த வேலைக்குத் தேசிய விருதுக் கணக்கில் ஒரு கட்டமே போடப்படவில்லை.

ஆனால் தமிழில் ஒரு நல்ல சொல் இருந்தது. குணச்சித்திரம். துணை நடிகர் என்றால் யாருக்கோ துணை என்று அர்த்தம். குணச்சித்திரம் என்றால் ஒரு குணத்தின் சித்திரம். சுப்பையா வரைந்த குணம் எது? ஒரே வார்த்தையில் சொன்னால், நல்ல குணம். அதுதான் சிக்கலே.

4

முதலில் அப்பாக்களைப் பார்ப்போம்.

அந்தக் காலத் தமிழ் சினிமா அப்பாக்களுக்கு வர்க்கம் உண்டு. ரங்காராவ் பங்களா அப்பா. மாடிப்படியிலிருந்து இறங்கி வருவார், அவர் உடம்பே ஒரு சொத்து. நாகையா சாந்த சொரூபி, பாதி முனிவர். டி.எஸ். பாலையா காசுள்ள அப்பா, 'காதலிக்க நேரமில்லை' மாதிரி அவரை ஏமாற்றிப் பார்ப்பதே ஒரு சந்தோஷம். சுப்பையா இல்லாத வீட்டு அப்பா. அவர் கையில் தோளில் கிடக்கிற துண்டைத் தவிர வேறு எதுவும் இருக்காது.

பீம்சிங்கின் 'பாகப்பிரிவினை'யில் (1959) பாலையாவும் சுப்பையாவும் அண்ணன் தம்பி. ஸ்ரீவைகுண்டத்துக்காரரும் செங்கோட்டைக்காரரும் ஒரே கூட்டுக் குடும்பத்தில் இருக்கிறார்கள். அண்ணன் வீட்டுக்கு மூத்தவர், பேச்சு அவருடையது. தம்பி எப்போதும் ஒரு அடி பின்னால் நிற்பவர். வீடு பிரிகிறது, நடுவில் சுவர் எழும்புகிறது. சிவாஜியின் ஊனமுற்ற கண்ணையன்தான் படம் என்று எல்லோருக்கும் தெரியும். ஆனால் அந்தச் சுவர் வலிப்பது இந்த இரண்டு கிழவர்களால். பாலையா கோபத்தை முகத்தில் வைக்கிறார், சுப்பையா வலியைத் தோளில் வைக்கிறார். அண்ணனை எதிர்த்துப் பேசவும் முடியாமல், மனைவி மக்களுக்காகப் பேசாமல் இருக்கவும் முடியாமல், தோள் மட்டும் இறங்கிக்கொண்டே போகிறது.

அடுத்த வருஷம் 'களத்தூர் கண்ணம்மா'. மறுபடியும் இதே இருவர். பாலையா ஜமீன்தார், சுப்பையா அவருடைய நிலத்தில் பாடுபடுகிற குடியானவர். ஜமீன்தார் மகன் ஜெமினி, குடியானவர் மகள் சாவித்திரி. ரகசியக் கல்யாணம், பிரிவு, கண்ணம்மாவுக்குக் குழந்தை. இந்த இடத்தில் சுப்பையாவின் அப்பா செய்கிற காரியத்தைக் கவனியுங்கள். குழந்தை இறந்துவிட்டது என்று மகளிடம் சொல்கிறார். குழந்தையை ஒரு அநாதை ஆசிரமத்தில் விட்டுவிடுகிறார். அந்தக் குழந்தைதான் வளர்ந்து கமல்ஹாசனாக நம் முன்னால் நிற்கிறது.

எங்க ஆச்சிக்கு இந்தப் படத்தின் மேல் தீராத கோபம். "பெத்தவன் செய்யுற வேலையாலே இது? அவ பிள்ளைய அவட்ட இருந்தே களவாண்டுட்டானே, படுபாவி!" என்பாள். கொஞ்ச நேரம் கழித்து அவளே, "ஆனா அவன் மூஞ்சியப் பாத்தா வையத் தோண மாட்டேங்கு" என்பாள்.

சுப்பையா மேல் இதைவிடச் சரியான விமர்சனத்தை நான் படித்ததில்லை. செய்த காரியம் கொடூரமானது. மானம் போகக்கூடாது என்பதற்காக ஒரு தாயிடமிருந்து பிள்ளையைப் பிடுங்குவது. இதையே ஒரு வில்லன் செய்திருந்தால் நாம் சபித்திருப்போம். சுப்பையா செய்கிறபோது, அவருடைய கண்ணீர் நமக்கும் அந்தக் கொடுமைக்கும் நடுவில் வந்து நின்றுகொள்கிறது. பாவம், அவர் வேற என்னதான் செய்வார் என்று நம்மையே சொல்ல வைத்துவிடுகிறது.

இங்கேதான் அவரை நேசிக்கிற எவரும் நின்று யோசிக்க வேண்டும். தமிழ் சினிமாவின் குடும்பம் என்கிற ஏற்பாட்டுக்கு அடித்து உதைக்கிற அப்பாவைவிட அழுகிற அப்பாதான் அதிகம் பயன்பட்டார். அடிக்கிறவனை எதிர்க்கலாம். அழுகிறவரை எப்படி எதிர்ப்பது? எத்தனை பெண்கள் அப்பா கண் கலங்கியதைப் பார்த்தே கழுத்தை நீட்டியிருப்பார்கள்! நம் வீடுகளிலும் அது நடந்திருக்கிறது, நடந்துகொண்டும் இருக்கிறது. இந்த மென்மை ஒரு ஆயுதம், அந்த ஆயுதத்தை மிக நன்றாகக் கையாண்டவர் சுப்பையா என்று ஒருவர் குற்றம் சாட்டினால் அதை அவ்வளவு லேசில் தள்ளிவிட முடியாது.

'பாவமன்னிப்பு' (1961) படத்தின் ஜேம்ஸ் இதற்கு ஒரு விலக்கு. இங்கே அவர் வேறொருவரின் குழந்தையை எடுத்து வளர்க்கிற கிறிஸ்தவர். காக்கவேண்டிய மானம் எதுவும் அவருக்கு இல்லை, காட்டவேண்டிய அன்பு மட்டும் இருக்கிறது. ரத்த உறவு கழன்றவுடன் சுப்பையாவின் நல்ல குணம் எவ்வளவு இலகுவாகிவிடுகிறது என்று பாருங்கள். பெற்ற அப்பாவாக இருக்கும்போது மட்டும்தான் அவருடைய நல்ல குணத்துக்கு மகள்கள் விலை கொடுக்க வேண்டியிருக்கிறது.

5

இனி கவிஞர்கள்.

'பாவமன்னிப்பு' வந்த அதே 1961இல் பி.ஆர். பந்துலுவின் 'கப்பலோட்டிய தமிழன்' வந்தது. சிவாஜி வ.உ.சி., மேடை ஜாம்பவான் டி.கே. சண்முகம் சுப்பிரமணிய சிவா, சுப்பையா பாரதி. படம் ஓடவில்லை. பிறகு டி.வி.யில் சுதந்திர தினத்துக்குச் சுதந்திர தினம் போட்டுப் போட்டே அது நிலைத்தது.

பாரதியைத் திரையில் நிறுத்துவது லேசு இல்லை. அவர் குரல் பதிவாகவில்லை, ஓடும் படத்தில் அவர் இல்லை. இருப்பவை சில புகைப்படங்கள். அவற்றில் அந்தக் கண்கள். கோட்டும் முண்டாசும் மீசையும் வைத்தால் யார் வேண்டுமானாலும் பாரதி வேஷம் போடலாம், மாறுவேடப் போட்டியில் எல்லாப் பள்ளிக்கூடத்திலும் போடுகிறார்கள். சுப்பையா எடுத்த முடிவு என்னவென்றால், தன் குரலின் அந்தக் கடைசித் தளர்ச்சியை மட்டும் கழற்றி வைத்துவிட்டார். வாக்கியம் கேள்வியாக நிற்பதில்லை. தோள் இறங்குவதில்லை. இறங்கிய தோளையே பார்த்துப் பழகிய நமக்கு, அது நிமிர்ந்து நிற்பதே ஒரு செய்தி. 2000இல் ஞான ராஜசேகரனின் 'பாரதி'யில் சாயாஜி ஷிண்டே நடித்தார், உக்கிரமான முகம், ஆனால் பேசும் குரல் இன்னொருவருடையது. சுப்பையாவின் பாரதியிடம் பாட்டுக்கு மட்டும்தான் இரவல் குரல், பேச்சு அவருடையதே. 'கவியின் கனவு' மேடையிலிருந்து கொண்டுவந்த பேச்சு அது.

எனக்கு இதில் ஒரு உள்ளூர் ஆசையும் உண்டு. பாரதி புதுச்சேரியை விட்டு 1918இல் வெளியே வந்து, கடலூரில் கைதாகி, விடுதலையாகி நேரே வந்தது கடையத்துக்கு. செல்லம்மாவின் ஊர். தென்காசியிலிருந்து அம்பாசமுத்திரம் போகிற வழியில் இருக்கிறது. அக்ரகாரம் அவரைச் சேர்த்துக்கொள்ளாத ஊர், வறுமையில் இரண்டு வருஷம் கழிந்த ஊர். பாரதியின் கதையில் கடையம் ஒரு தோல்விக் காலம். படத்தின் பாரதி அந்தப் பாரதி இல்லை, அதற்கு முந்தைய சுதேசிக் கால நெருப்பு. ஆனால் கடையத்துப் பாரதி என்று ஒரு படம் எடுத்திருந்தால், ஊர் ஒதுக்கிய, பிள்ளைகளுக்குச் சோறு போட வழியில்லாத அந்த அப்பாவாக நடிக்க சுப்பையாவைவிட வேறு யார் இருந்தார்கள்? கவிஞனும் அப்பாவும் ஒரே ஆளில் வந்து சேர்ந்திருப்பார்கள். அந்தப் படம் எடுக்கப்படவில்லை.

மூன்றாவது கவிஞர் அபிராமி பட்டர். கே.எஸ். கோபாலகிருஷ்ணனின் 'ஆதி பராசக்தி' (1971). இன்றைக்குச் சுப்பையாவைப் பார்க்கிற பெரும்பாலானோர் பார்ப்பது இந்த ஒரு காட்சியைத்தான். ஆடி மாதம் எங்கள் தெருவில் மைக்செட் கட்டினால் டி.எம்.எஸ். குரலில் அது ஒலிக்காமல் இருக்காது. அமாவாசையைப் பௌர்ணமி என்று வாய் தவறிச் சொல்லிவிட்டு, ராஜ கோபத்துக்கு ஆளாகி, நெருப்புக்கு மேலே தொங்கிக்கொண்டு, நிலவைக் கொண்டுவா என்று அம்பாளைக் கேட்கிற பட்டர். மறுபடியும் ஒரு பக்கம் அதிகாரம், இன்னொரு பக்கம் வார்த்தை மட்டும்.

டி.கே.சி. பாட்டை ஓட்டி ஓட்டிப் பார்த்த மாதிரி இந்தக் காட்சியைப் பாருங்கள். குரல் டி.எம்.எஸ்.சுடையது என்பதால் சுப்பையாவுக்கு மிச்சம் இருப்பது கண்ணும் கழுத்தும் மட்டும்தான். கெஞ்சலில் ஆரம்பிக்கிறார். உரிமையில் ஏறுகிறார். கடைசியில் அது கட்டளையாகிவிடுகிறது. கனமாகத் தொடங்கித் தளர்ந்து முடிகிற அவருடைய வழக்கத்துக்கு இது நேர் எதிர். பதில் வருகிறது. நிலா வருகிறது. வாழ்நாள் முழுக்கப் படம் படமாகக் கெஞ்சிய ஒரு முகத்துக்கு ஒரே ஒரு தடவைதான் முழுப் பதில் கிடைத்தது. அதுவும் தெய்வத்திடமிருந்து.

6

இதற்கு இரண்டு வருஷம் முன்னால் அவர் சொந்தமாக ஒரு படம் எடுத்தார். 'காவல் தெய்வம்' (1969). ஜெயகாந்தனின் 'கைவிலங்கு' குறுநாவல், இயக்கம் கே. விஜயன். சிவாஜி அதில் சாமுண்டி என்கிற கைதியாகக் கௌரவ வேஷத்தில் வந்தார், நட்புக்காகச் சம்பளம் வாங்காமல் நடித்துக் கொடுத்தார் என்று திரையுலகில் இன்னமும் சொல்வார்கள். ஒரு குணச்சித்திர நடிகர் தன் கைக்காசைப் போட்டு ஒரு கதையைத் தேர்ந்தெடுக்கிறார் என்றால், தன்னைப் பற்றி அவர் என்ன நினைத்தார் என்று அதில் தெரியும். சுப்பையா தனக்கென்று எடுத்துக்கொண்டது ஜெயிலர் வேஷம். கைதிகளைப் பிள்ளைகள் மாதிரி பார்க்கிற ஜெயிலர்.

மூலக்கதைக்கு ஜெயகாந்தன் வைத்த பெயர் 'கைவிலங்கு'. படத்தின் பெயர் 'காவல் தெய்வம்'. இந்தப் பெயர் மாற்றத்திலேயே ஒரு தயக்கத்தைப் பார்க்கிறேன். விலங்கு மாட்டுகிறவரே தெய்வமாகவும் ஆகிறார். அந்த ஜெயிலர் எவ்வளவு நல்லவர் என்றாலும் சாயங்காலம் ஆனால் கம்பிக் கதவைப் பூட்டித்தான் ஆகணும். சாவி அவர் இடுப்பில்தான். அவருடைய நல்ல குணத்தால் உள்ளே இருப்பவர்களுக்குக் கொஞ்சம் மூச்சு விட முடிகிறது. ஆனால் மதில் அப்படியே நிற்கிறது. களத்தூரின் குடியானவரும் இந்த ஜெயிலரும் ஒரே ஆள்தான். ஒருவர் குடும்பத்தின் சாவியை வைத்திருக்கிறார், மற்றவர் சர்க்காரின் சாவியை. இரண்டு பேரும் அழுதுகொண்டே பூட்டுகிறவர்கள்.

இந்தக் கண்ணீருக்குக் கணக்குக் கேட்ட படம் 'அரங்கேற்றம்' (1973). கே. பாலசந்தர் சுப்பையாவுக்குக் கொடுத்த வேஷம் ராமு சாஸ்திரிகள். ஏழை வைதீகர், ஆசாரம் தவறாதவர், வீடு நிறையப் பிள்ளைகள். வயதுக்கு வந்த பெண் வீட்டில் இருக்கும்போதே மனைவி மறுபடியும் உண்டாகிறாள். மூத்த மகள் லலிதா (பிரமீளா) குடும்பத்தைத் தூக்கி நிறுத்த வெளியூர் போகிறாள், உடம்பை விற்றுப் பணம் அனுப்புகிறாள். தம்பி தங்கைகள் கரையேறுகிறார்கள். உண்மை தெரியும்போது, யாருடைய காசில் சாப்பிட்டார்களோ அவளுக்கே அந்த வீட்டில் இடம் இல்லாமல் போகிறது. தம்பியாக வருவது கமல்ஹாசன். களத்தூரில் ஆசிரமத்தில் விடப்பட்ட குழந்தை பதிமூன்று வருஷம் கழித்து சுப்பையாவுக்கே மகனாக வந்து உட்கார்ந்திருக்கிறது.

பூணூலும் விபூதியும் உருகுகிற அதே முகமும். இரண்டு வருஷம் முன்னால் தியேட்டரில் கன்னத்தில் போட்டுக்கொண்டு பார்த்த அபிராமி பட்டர்தான் இப்போது சாஸ்திரிகள். பாலசந்தர் இதைத் திட்டம் போட்டுச் செய்தாரோ இல்லையோ, பார்த்தவர்களின் ஞாபகத்தில் அது நடந்திருக்கும். பட்டர் கேட்டார், நிலா வந்தது. சாஸ்திரிகள் கேட்கவில்லை, பணம் வந்தது. எங்கிருந்து வருகிறது என்று அவர் கேட்காமல் இருந்ததுதான் படத்தின் விஷயமே. சுப்பையா இதை நடித்த விதத்தில் ஒரு தைரியம் இருக்கிறது. அவர் சாஸ்திரிகளைக் கெட்டவராக்கவில்லை. கெட்டவராக்கியிருந்தால் நாம் தப்பித்திருப்போம், அது யாரோ ஒரு பொறுப்பில்லாத தகப்பன் கதை என்று எழுந்து போயிருப்போம். வழக்கமான அதே நல்லவராகவே நடித்தார். அதே கனிவு, அதே நடுங்கும் குரல், அதே இறங்கும் தோள். அந்த நல்ல குணத்துக்கு ஒரு பெண் முழு வாழ்க்கையை விலையாகக் கொடுத்துக்கொண்டிருக்கிறாள் என்பதை மட்டும் படம் பக்கத்தில் வைத்துக் காட்டியது.

'அரங்கேற்றம்' பார்த்துவிட்டு 'களத்தூர் கண்ணம்மா'வுக்குத் திரும்பிப் போனால் அது பழைய படமாக இருப்பதில்லை. ஆசிரம வாசலில் குழந்தையை விடுகிற அந்தக் குடியானவரின் கண்ணீர் நம்மை அவ்வளவு சுலபமாக வாய் அடைக்க வைப்பதில்லை. கண்ணீருக்குப் பின்னால் இருக்கிற காரியம் தெரிய ஆரம்பிக்கிறது. ஒரு நடிகர் தன் கடைசிக் காலத்து வேஷம் ஒன்றால் தன் பழைய வேஷங்களுக்கே வேறு அர்த்தம் உண்டாக்குவது அபூர்வம். நாயகர்களுக்கு அது பெரும்பாலும் வாய்ப்பதில்லை, அவர்களுக்குத் தங்கள் பிம்பத்தைக் காப்பாற்றுகிற வேலை இருக்கிறது. குணச்சித்திர நடிகருக்குக் காப்பாற்ற வேண்டிய பிம்பம் கிடையாது. அதனால்தான் சுப்பையாவால் தான் பதினைந்து வருஷம் கட்டிய அந்த நல்ல அப்பாவைத் தானே எதிர்க்கட்சியிடம் ஒப்படைக்க முடிந்தது.

டி.கே.சி. வழியில் தள்ளிவைக்க வேண்டியதையும் சொல்லிவிடுகிறேன். எழுபதுகளின் குடும்பப் படங்கள் பலவற்றில் அவர் தன்னையே நகல் எடுத்தார். வசனம் முடிவதற்குள் துண்டு கண்ணுக்குப் போய்விடும். மேடையில் கடைசி வரிசைக்காகச் செய்த பெரிய முகபாவம், குளோசப்பில் தாங்காமல் வழிந்துவிடும் இடங்கள் உண்டு. பாலையாவிடம் இருந்த அந்த விஷமச் சிரிப்பு, தன்னைத்தானே கேலி செய்துகொள்கிற அந்த இடைவெளி இவரிடம் குறைவு. நகைச்சுவை அவருக்கு ஒத்துவராத உடுப்பு. பொறுக்கி எடுத்தால் ஆறேழு படம்தான் தேறும். ஆறேழு போதும்.

பாகப்பிரிவினையின் தம்பி, களத்தூர் குடியானவர், ஜேம்ஸ், பாரதி, ஜெயிலர், பட்டர், ராமு சாஸ்திரிகள். இந்த ஏழு பேரை வரிசையாக உட்கார வைத்துப் பாருங்கள். எல்லோரும் நல்லவர்கள். எல்லோரிடமும் வார்த்தை மட்டும் இருக்கிறது. இருவர் அந்த வார்த்தையை மேலே பார்த்துச் சொன்னார்கள், அதிகாரத்தைப் பார்த்து, தெய்வத்தைப் பார்த்து. அது கவிதை ஆனது. மற்றவர்களில் பலர் அதைத் தங்களுக்குக் கீழே இருப்பவர்களைப் பார்த்துச் சொன்னார்கள், மகளைப் பார்த்து, கைதியைப் பார்த்து. அது பூட்டு ஆனது. குரல் ஒன்றுதான், யாரைப் பார்த்துக் கெஞ்சுகிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. சுப்பையா அழுகிறபோது இனி நாம் பார்க்க வேண்டியது, அவர் முன்னால் நிற்பது யார் என்று.